கழற்ற முடிகிற கம்ப்யூட்டரை வாங்குங்கள்

கிருஷ்ணகிரி மாவட்டத்து மாங்கூழ் ஆலைகளுக்கு ஜூன் மாதம் தூக்கம் கிடையாது. பெங்களூரா மாங்காய் லாரி லாரியாக வந்து இறங்கும். எடைச் சீட்டு, லோடு கணக்கு, கூலி, டீசல் எல்லாம் அன்றன்றே பதிவாக வேண்டும். அப்படி ஓர் ஆலைக்குக் கணக்கு எழுதுகிறவன் நான். வீடு தர்மபுரியில், வேலை காவேரிப்பட்டணம் பக்கம். இரண்டு வருடத்துக்கு முன்பு, ஜூன் 18-ஆம் தேதி காலையில் லேப்டாப்பில் சார்ஜ் ஏறவில்லை. வயரை ஆட்டினால் விளக்கு எரியும், கையை எடுத்தால் அணையும். மதியத்துக்குள் அதுவும் நின்றுபோனது. 20-ஆம் தேதிக்குள் மாதாந்திர ஜிஎஸ்டி ரிட்டர்னான ஜிஎஸ்டிஆர்-3பி-ஐத் தாக்கல் செய்தாக வேண்டும். டேலி என்கிற கணக்கு மென்பொருளின் டேட்டா மொத்தமும் அந்தப் பெட்டிக்குள். பென் டிரைவில் இருந்த பேக்கப் 12 நாள் பழையது.

கம்பெனி சர்வீஸ் சென்டருக்கு சேலத்துக்குப் போன் போட்டேன். "சார்ஜிங் போர்ட் தனியா வராது சார், மதர்போர்டோட மாத்தணும். போர்டு வர ஒரு வாரம் ஆகும்" என்றார்கள். சொன்ன தொகை, லேப்டாப் வாங்கிய விலையில் பாதிக்கு மேல்.

தர்மபுரி பஸ் ஸ்டாண்ட் பக்கத்தில் எனக்குத் தெரிந்த சர்வீஸ் தம்பி ஒருவர் இருக்கிறார். அவரிடம் கொண்டுபோனேன். அடிமூடியைக் கழற்றிவிட்டு, பூதக்கண்ணாடியை என் கையில் கொடுத்துப் பார்க்கச் சொன்னார். சார்ஜ் வயர் சொருகும் யூஎஸ்பி-சி வாய், விரல் நகத்தைவிடச் சின்னதாக ஒரு தகரக் கூடு. அதை மதர்போர்டிலேயே, அதாவது எல்லாப் பாகமும் உட்காரும் முக்கியப் பலகையிலேயே, ஈயம் உருக்கி சால்டர் செய்திருந்தார்கள். அதன் ஒரு கால் பெயர்ந்திருந்தது. பெயர்ந்தபோது போர்டில் ஓடும் செம்புக் கோட்டையும் மயிரிழை அளவு உரித்துக்கொண்டு வந்திருந்தது. "வாய் மட்டும்னா மாத்திடுவேன்ண்ணா. கோடே போயிருச்சு. ரேமும் போர்டுல ஒட்டினதுதான், அதுவும் எடுக்க முடியாது. ஆனா எஸ்எஸ்டி தனியா இருக்கு பாருங்க, டேட்டா தப்பிச்சது" என்றார். ரேம் என்பது வேலை நடக்கும்போது மட்டும் பயன்படும் தற்காலிக நினைவகம்; எஸ்எஸ்டி, டேட்டாவை நிரந்தரமாகச் சேமிக்கும் பாகம்.

ஒரே ஒரு திருகாணி. அதைக் கழற்றியதும் சூயிங்கம் பாக்கெட் போல ஒரு துண்டு லேசாக மேலே எழும்பி வந்தது. சில நூறு ரூபாய் கேஸிங் ஒன்றில் அதைப் போட்டு வேறொரு சிஸ்டத்தில் சொருகினார். விண்டோஸ் ரெகவரி கீ கேட்டது. என் மைக்ரோசாஃப்ட் கணக்கில் சேமிப்பாகியிருந்த அந்த 48 இலக்க எண்ணை அடித்ததும் டிரைவ் திறந்தது. சாயங்காலத்துக்குள் டேலி ஓடியது. 20-ஆம் தேதி ரிட்டர்ன் போய்விட்டது.

அந்த லேப்டாப்பின் பிராசஸர் நல்ல பிராசஸர், திரையும் நன்றாக இருந்தது. வாங்கும்போது நான் பார்த்தது இவை இரண்டையும்தான். கடைசியில் பெட்டியைக் கொன்றது சால்டர் செய்த ஒரு துண்டுத் தகரம். என் வேலையைக் காப்பாற்றியது ஒரு திருகாணியில் நின்ற ஓர் எஸ்எஸ்டி. அன்றிலிருந்து யார் கம்ப்யூட்டர் வாங்க யோசனை கேட்டாலும் நான் முதலில் கேட்பது இதுதான்: எந்தப் பாகம் கழன்று வரும், எந்தப் பாகம் போர்டோடு ஒட்டியிருக்கிறது?

நம் ஊருக்கு இந்தக் கேள்வி ஏன் பெரிது

பெங்களூருவில் இருப்பவருக்கு லேப்டாப் பழுதானால் அது அரை நாள் வேலை. தர்மபுரியிலிருந்து சேலம் சுமார் 65 கிலோமீட்டர், கிருஷ்ணகிரியிலிருந்து பெங்களூரு சுமார் 90. கொண்டுபோய்க் கொடுக்க ஒரு நாள், வாங்கிவர ஒரு நாள். இரண்டு நாளும் வேலை கெடும். பென்னாகரம், அரூர், ஊத்தங்கரை, தேன்கனிக்கோட்டை ஆட்களுக்கு அதற்கும் மேல். 2004-இல் மாவட்டம் இரண்டாகப் பிரிந்தாலும் கம்ப்யூட்டர் சமாச்சாரத்தில் நாங்கள் எல்லாரும் அதே நெடுஞ்சாலையில்தான் இருக்கிறோம். வடக்கே பெங்களூரு, தெற்கே சேலம்.

இதில் ஒரு நல்லதும் இருக்கிறது. பெங்களூருவின் எலக்ட்ரானிக்ஸ் கடைத்தெருவான எஸ்.பி. ரோட்டில் பாகம் கிடைத்துவிட்டால் மறுநாள் பஸ் பார்சலில் ஓசூர், கிருஷ்ணகிரி வழியாக நம் கைக்கு வந்துவிடும். ரேம், எஸ்எஸ்டி, பேட்டரி, கீபோர்டு, திரை எல்லாம் அப்படித்தான் வருகின்றன. உள்ளூர் சர்வீஸ் கடைக்காரர்கள் கைத்திறமையிலும் குறைந்தவர்கள் இல்லை. ஆனால் பாகம் கழன்றால்தானே அவர்கள் மாற்ற முடியும்? போர்டோடு ஒட்டிவிட்டால் அந்தத் திறமையும் பயன்படாது, அந்த பஸ்ஸும் பயன்படாது. அதனால் கம்ப்யூட்டர் விலையை நான் வேறு மாதிரிக் கணக்குப் போடுகிறேன். வாங்கும் விலையோடு, ஐந்து வருடத்தில் அதைச் சரிசெய்ய ஆகும் செலவும், அது இல்லாமல் உட்கார்ந்திருக்கும் நாட்களும் சேர்ந்ததுதான் விலை.

ஒட்டும் பழக்கம் எப்படி வந்தது

முன்பெல்லாம் லேப்டாப்பைக் கவிழ்த்தால் ரேமுக்கு ஒரு கதவு, ஹார்ட் டிஸ்குக்கு ஒரு கதவு, பேட்டரிக்கு ஒரு தாழ்ப்பாள் இருக்கும். 2008-இல் ஆப்பிள் மேக்புக் ஏர் வந்தபோது அதில் ரேமை போர்டிலேயே சால்டர் செய்திருந்தார்கள். 2011-இல் இன்டெல் 'அல்ட்ராபுக்' என்று பேர் வைத்து மெல்லிய லேப்டாப்களைத் தூக்கிவிட்டது. 2012-இல் வந்த ரெட்டினா மேக்புக் ப்ரோவில் ரேம் சால்டர், பேட்டரி பசை. பெட்டிகளைப் பிரித்துப் பார்த்து மதிப்பெண் போடும் ஐஃபிக்ஸிட் அதற்கு 10-க்கு 1 கொடுத்தது. மெல்லியதுக்கு மவுசு ஏற ஏற மற்றவர்களும் அதே வழிக்கு வந்தார்கள்.

இதை முழுக்கக் கம்பெனிகளின் பேராசை என்று சொல்லிவிட மாட்டேன். எல்பிடிடிஆர் என்கிற வகை ரேம் குறைந்த மின்சாரத்தில் ஓடும், பேட்டரி நீண்ட நேரம் நிற்கும். ஆனால் அது பிராசஸருக்கு மிக அருகில் இருந்தால்தான் அந்த வேகத்தில் சிக்னல் சுத்தமாகப் போய்வரும். நமக்குப் பழக்கமான ரேம் ஸ்லாட்டில் அது உட்காராது. 2020-லிருந்து ஆப்பிள் தன் சொந்த சிப்களில் ரேமை பிராசஸரோடு ஒரே பொதியாகவே வைத்துவிட்டது. கழற்றுவது என்ற பேச்சுக்கே இடமில்லை. கழற்றி மாட்டுவதற்காகவே பேர் வாங்கிய ஃப்ரேம்வொர்க் கம்பெனிகூட 2025-இல் அறிவித்த டெஸ்க்டாப்பில் ரேமை ஒட்டித்தான் விற்றது. அந்த ஏஎம்டி சிப்போடு கழற்றும் ரேம் ஒத்துவரவில்லை என்று வெளிப்படையாகவே சொன்னார்கள்.

மாற்று வழியும் பிறந்திருக்கிறது. இந்த எல்பிடிடிஆர் ரேமையே திருகாணி போட்டு மாட்டும்படி எல்பிகேம்2 என்று ஒரு வடிவம் வந்து, 2024-இல் லெனோவோவின் திங்க்பேட் பி1-இன் ஏழாம் தலைமுறையில் விற்பனைக்கே வந்துவிட்டது. நம் ஊர்க் கடை அலமாரிக்கு அது வரும்வரை பழைய சோடிம் ஸ்லாட்தான் கழற்றும் ரேமுக்கு வழி.

எதையெல்லாம் பார்க்க வேண்டும்

ரேமிலிருந்து தொடங்குகிறேன். ஏனென்றால் மூன்றாவது வருடம் "சிஸ்டம் ஸ்லோவா இருக்கு" என்று நாம் சொல்லும்போது பெரும்பாலும் போதாமல் போயிருப்பது ரேம். லேப்டாப்களில் மூன்று விதம் உண்டு. இரண்டு ஸ்லாட்டும் திறந்தது. 8ஜிபி போர்டில் ஒட்டி, பக்கத்தில் ஒரு ஸ்லாட் காலியாக விட்டது. முழுக்க ஒட்டியது. முதல் வகை சிறப்பு. இரண்டாவதும் நல்லதுதான்: காலி ஸ்லாட்டில் இன்னொரு 8ஜிபி போட்டால் இரண்டும் ஜோடியாக வேலை செய்து வேகமும் கூடும். ஸ்லாட்டில் 16 போட்டாலும் ஏற்கும் மாடல்கள் உண்டு. மூன்றாவது வகையை வாங்கினால் வாங்கும் நாளில் என்ன இருக்கிறதோ அதுதான் கடைசிவரை. அந்த வகையில் 8ஜிபி லேப்டாப்பை இன்று யார் விற்றாலும் வாங்காதீர்கள். முழுக்க ஒட்டியதுதான் வேண்டும் என்றால் குறைந்தது 16ஜிபி.

இதைக் கண்டுபிடிக்க ஒரு சுலபமான வழி இருக்கிறது, கடையிலேயே செய்யலாம். டெமோவுக்கு வைத்திருக்கும் லேப்டாப்பில் கண்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் டாஸ்க் மேனேஜர் திறக்கும். அதில் பெர்ஃபார்மன்ஸ், அப்புறம் மெமரி. வலப்பக்கம் கீழே 'ஸ்லாட்ஸ் யூஸ்டு' என்று ஒரு வரி, 'ஃபார்ம் ஃபேக்டர்' என்று ஒரு வரி இருக்கும். ஃபார்ம் ஃபேக்டரில் 'சோடிம்' என்று வந்தால் கழற்றும் ரேம். 'ரோ ஆஃப் சிப்ஸ்' என்று வந்தால் போர்டில் ஒட்டியது. ஒன்றிரண்டு மாடல்களில் இந்த வரி சரியாக வராது, ஸ்லாட் எண்ணிக்கையும் ஏமாற்றும். அதனால் கம்பெனி வெளியிடும் மாடல் விவரத்தாளையும் பார்க்க வேண்டும். அதில் 'ஆன்போர்டு', 'சால்டர்டு', 'எல்பிடிடிஆர்' என்ற சொற்களில் ஏதாவது இருந்தால் பெரும்பாலும் ஒட்டியது என்று அர்த்தம்.

ஒரே பெயரில் பத்து மாடல் இருக்கும், கவனம். பெட்டியின் அடியில் ஒட்டியிருக்கும் முழு மாடல் எண்ணை எழுதிக்கொள்ளுங்கள். டெல், எச்பி, லெனோவோ மூன்றும் தங்கள் வலைத்தளங்களில் பல மாடல்களுக்குச் சர்வீஸ் கையேட்டை இலவசமாகவே போட்டிருக்கிறார்கள். எந்தத் திருகாணியை முதலில் கழற்றுவது, எந்த ஒயரை எப்படி எடுப்பது என்று படம் படமாக இருக்கும். அந்தக் கையேட்டில் கீபோர்டு மாற்றும் அத்தியாயத்தை மட்டும் திறந்து, அதற்கு முன் எத்தனை பாகம் கழற்றச் சொல்கிறார்கள் என்று எண்ணிப் பாருங்கள். ஒரு லேப்டாப்பின் குணம் அந்த ஒரு பக்கத்தில் தெரிந்துவிடும். கையேடே கிடைக்காத மாடல் என்றால், அதுவும் ஒரு தகவல்தான்.

கீபோர்டு பற்றிப் பேச்சு வந்துவிட்டதால் அதையும் சொல்லிவிடுகிறேன். சர்வீஸ் கடைகளில் லேப்டாப்பின் உடம்பை நான்கு பேனல்களாகச் சொல்வார்கள். மேல்மூடி ஏ பேனல், திரையைச் சுற்றிய சட்டம் பி பேனல், கை வைக்கும் பகுதி சி பேனல், அடிப்பாகம் டி பேனல். பழைய லேப்டாப்களில் கீபோர்டு மேலிருந்தே கழன்று வரும். இப்போது பல மாடல்களில் அது சி பேனலின் உட்புறத்தில், சின்னச் சின்ன பிளாஸ்டிக் குமிழ்களைச் சூட்டில் உருக்கி அமுக்கி ஒட்டியிருக்கிறது. ஒரு எழுத்து வேலை செய்யாவிட்டால்கூட மதர்போர்டு வரை எல்லாவற்றையும் கழற்றி, அந்தக் குமிழ்களை ஒவ்வொன்றாகச் சீவி எடுத்து, புதுக் கீபோர்டை வைத்து மறுபடி உருக்க வேண்டும். இல்லையென்றால் சி பேனலோடு மாற்ற வேண்டும். டைப்பிங் தொழில் செய்கிறவர்களுக்கும், டீ டம்ளரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு வேலை செய்கிற என்னைப் போன்றவர்களுக்கும் இது பெரிய விஷயம்.

அதைவிட அதிகமாக நான் பார்க்கிற பழுது ஹிஞ்ச், திரையைத் தாங்கும் கீல். சர்வீஸ் தம்பியின் மேஜைக்கு எப்போது போனாலும் கீல் உடைந்த லேப்டாப் ஒன்றாவது இருக்கும். விலை குறைந்த மாடல்களில் அந்த இரும்புக் கீலின் திருகாணிகள் பிளாஸ்டிக்கில் புதைத்த சின்னப் பித்தளை நட்டுகளில் இறங்குகின்றன. நாள்பட்டால் கீல் இறுகும், ஆனால் நாம் வழக்கம்போல ஒரு மூலையைப் பிடித்துத் தூக்குவோம். ஒருநாள் 'டக்' என்று சத்தம் கேட்கும். பித்தளை நட்டு பிளாஸ்டிக்கோடு பெயர்ந்து வந்துவிடும். அப்புறம் மூடும்போதெல்லாம் திரையின் ஒயர் நசுங்கும். எப்போக்சி வைத்து ஒட்டிப் பார்க்கலாம், சில மாதம் நிற்கும். கடையில் பார்க்கும்போது மூடியை ஒரு மூலையால் பிடித்து மெதுவாகத் திறந்து பாருங்கள். எதிர்மூலை முறுக்கிக்கொண்டு பின்தங்கி வந்தால் அந்த மாடல் வேண்டாம்.

எஸ்எஸ்டி பற்றிக் கவலை குறைவு. நடுத்தர விலை லேப்டாப்களில் அதைச் சொருக எம்.2 என்கிற ஸ்லாட் இருக்கிறது, பெரும்பாலும் 22 மில்லிமீட்டர் அகலம், 80 மில்லிமீட்டர் நீளம், அதாவது 2280 அளவு. சிலவற்றில் குட்டை அளவுதான் ஏறும், கேட்டுக்கொள்ளுங்கள். ரொம்ப மலிவான லேப்டாப்களில் இஎம்எம்சி என்று 64 அல்லது 128ஜிபி சேமிப்பு சிப் போர்டிலேயே ஒட்டி வரும், அதைத் தொடாதீர்கள். போர்டு செத்தால் டேட்டாவும் சேர்ந்து போகும். எஸ்எஸ்டியைக் கழற்றி வேறு கம்ப்யூட்டரில் போட வேண்டி வந்தால் நான் சொன்ன அந்த 48 இலக்க ரெகவரி கீ தேவைப்படலாம். இப்போது வரும் பல விண்டோஸ் 11 லேப்டாப்களில் டிரைவ் தானாகவே பூட்டப்பட்டுத்தான் வருகிறது. அந்த எண்ணை இன்றைக்கே ஒரு தாளில் எழுதி பீரோவில் வையுங்கள்.

பேட்டரி திருகாணியில் நிற்கிறதா, பசையில் நிற்கிறதா என்று பார்க்க வேண்டும். லித்தியம் பேட்டரி எதுவாக இருந்தாலும் சில நூறு தடவை முழுதாக ஏறி இறங்கிய பிறகு கொள்ளளவு குறையும். சித்திரை வெயிலும், நாள் முழுக்க வயரில் கிடப்பதும் அதைச் சீக்கிரம் கெடுக்கும். 80 சதவீதத்தோடு சார்ஜை நிறுத்தும் அமைப்பு பல லேப்டாப்களில் இருக்கிறது, போட்டுவிடுங்கள். டச்பேட் மேலே தூக்கிக்கொண்டு வந்தால், அழுத்தினால் சொடுக்கு விழாமல் போனால், கீழே பேட்டரி உப்பியிருக்கலாம். உடனே அணைத்துவிட்டுக் கடைக்குக் கொண்டுபோங்கள், நீங்களே நெம்பி எடுக்க வேண்டாம்.

சார்ஜ் வாய் என் சொந்த வலி. சில மாடல்களில் அது குட்டி ஒயரோடு தனிப்பாகமாக இருக்கும், சில நிமிடத்தில் மாற்றலாம். யூஎஸ்பி-சி என்றால் பெரும்பாலும் போர்டில்தான். அப்போது குறைந்தது இரண்டு வாய் இருக்கிறதா, இரண்டிலும் சார்ஜ் ஏறுமா என்று கேளுங்கள். ஒன்று போனாலும் இன்னொன்றில் வண்டி ஓடும். அன்று என் லேப்டாப்பில் இருந்தது ஒரே ஒரு வாய்.

திருகாணிகளையும் எண்ணுங்கள். டி பேனலில் எல்லாம் கண்ணுக்குத் தெரிகிற, கூட்டல் குறி போட்ட சாதாரண பிலிப்ஸ் தலையா? பல மாடல்களில் இரண்டு திருகாணிகளை ரப்பர் காலுக்கு அடியில் ஒளித்துவைக்கிறார்கள். ரப்பரை ஒருதடவை உரித்தால் மறுபடி சரியாக ஒட்டாது. வருடத்துக்கு ஒருதடவை விசிறியில் தூசி எடுக்க வேண்டிய ஊரில் இது சின்ன விஷயமில்லை. கிருஷ்ணகிரி பக்கம் கிரானைட் அறுக்கும் பட்டறை அலுவலகங்களில் கம்ப்யூட்டரைத் திறந்து பார்த்தவர்களுக்குத் தெரியும்: விசிறிக்கும் வெப்பம் கடத்தும் தகடுகளுக்கும் நடுவில் சாம்பல் நிறத்தில் ஒரு கம்பளம் போலப் படிந்திருக்கும். அதை எடுத்து, தெர்மல் பேஸ்ட் மாற்றிப் போட்டால் 'போச்சு' என்று நினைத்த கம்ப்யூட்டர் மறுபடி ஓடும்.

பெங்களூருவிலிருந்து வரும் பழைய லேப்டாப்கள்

அந்த ஜூன் மாதத்துக்குப் பிறகு நான் வாங்கியது புது லேப்டாப் இல்லை. பெங்களூரு ஐடி கம்பெனிகள் மூன்று நான்கு வருடம் ஓட்டிவிட்டுக் கழிக்கும் லேப்டாப்கள், துடைத்துச் சரிபார்த்து நம் பக்கக் கடைகளுக்கு வருகின்றன. இவை ஆபீஸ் வேலைக்கென்று தயாரானவை. கம்பெனிகளின் சொந்த ஐடி ஆட்களே கழற்றி மாட்டுவார்கள் என்று எண்ணி வடிவமைத்ததால் உள்ளே எல்லாம் முறையாக இருக்கும். பாகமும் ஏராளமாகப் புழங்குகிறது.

நான் வாங்கியது திங்க்பேட் டி480, 2018 மாடல். இரண்டு ரேம் ஸ்லாட். பின்பக்க பேட்டரியைத் தாழ்ப்பாளைத் தள்ளி எடுக்கலாம், உள்ளே இன்னொரு பேட்டரி இருப்பதால் மாற்றும்போது லேப்டாப் அணையாது. கீபோர்டு, அடியில் இரண்டு திருகாணியைத் தளர்த்தினால் மேலே நகர்ந்து வந்துவிடும். அதிலும் யூஎஸ்பி-சி வாய் போர்டில்தான், மறைப்பானேன். ஆனால் இரண்டு இருக்கின்றன, இரண்டிலும் சார்ஜ் ஏறும். டெல் லாட்டிட்யூட் 7490-உம் அதே காலத்து நல்ல பெட்டி: இரண்டு ரேம் ஸ்லாட், சார்ஜ் வாய் தனியாகக் கழலும்.

பெயரை நம்பி மட்டும் வாங்காதீர்கள். டி480-க்கு அடுத்த வருடம் வந்த டி490-இல் ஒரு ரேமை போர்டில் ஒட்டி, ஒரு ஸ்லாட்டைத்தான் விட்டார்கள். பின்பக்க பேட்டரியும் போய்விட்டது. 2024-இல் வந்த டி14 ஐந்தாம் தலைமுறையில் லெனோவோ மறுபடி இரண்டு ஸ்லாட் கொடுத்து, ஐஃபிக்ஸிட்டோடு சேர்ந்து வடிவமைத்து 10-க்கு 9 வாங்கியது. ஒரே குடும்பத்தில் ஆறு வருடத்துக்குள் இவ்வளவு ஏற்ற இறக்கம்.

பழையதில் பார்க்க வேண்டியது இரண்டு. ஒன்று, பிராசஸர் தலைமுறை. விண்டோஸ் 10-க்கான வழக்கமான ஆதரவு 2025 அக்டோபர் 14-ஆம் தேதியோடு முடிந்துவிட்டது. விண்டோஸ் 11-க்கு, இன்டெல் என்றால் ஏறக்குறைய எட்டாம் தலைமுறையிலிருந்துதான் அனுமதி. டி480 ஏழாம் தலைமுறை சிப்போடும் விற்கப்பட்டிருக்கிறது. அதனால் ஐ5-8250யூ, ஐ5-8350யூ என்பது போல எட்டில் தொடங்கும் எண்ணா என்று பார்த்தே வாங்க வேண்டும். இன்னொன்று பூட்டு. பயாஸுக்குள், அதாவது விண்டோஸுக்கு முன்பே ஓடும் அடிப்படை அமைப்புக்குள், போகும்போது பாஸ்வேர்டு கேட்டால் அந்த லேப்டாப்பைக் கையில் எடுக்காதீர்கள். முதல் முறை விண்டோஸ் போடும்போது இன்டர்நெட்டில் இணைத்துப் பாருங்கள். ஏதோ ஒரு கம்பெனியின் பெயர் வந்து லாகின் கேட்டால், அது இன்னும் அந்தக் கம்பெனியின் கணக்கில்தான் இருக்கிறது.

ஓரிடத்தில் வைக்கிற கம்ப்யூட்டர் என்றால்

ஜெராக்ஸ் கடை, இ-சேவை மையம், ஆலை அலுவலகம், வீட்டில் பிள்ளைகள் படிக்க என்று ஓரிடத்திலேயே இருக்கப்போகிற கம்ப்யூட்டருக்கு லேப்டாப்பே வேண்டாம். அசெம்பிள் செய்த டெஸ்க்டாப்பில் எல்லாமே கழலும். ஏடிஎக்ஸ் என்ற அளவு முறை 1995-இல் வந்தது. இன்றைக்கும் ஒரு கம்பெனியின் எஸ்எம்பிஎஸ், அதாவது கரண்ட் கொடுக்கும் பவர் சப்ளை பெட்டி, இன்னொரு கம்பெனி கேபினெட்டில் உட்காருவது அதனால்தான். கரண்ட் ஏறி இறங்கி எஸ்எம்பிஎஸ் போனால் தர்மபுரியிலேயே அன்று மாலைக்குள் மாற்றிவிடலாம். கூடவே ஒரு யூபிஎஸ், அதன் பேட்டரியும் எந்தக் கடையிலும் கிடைக்கும்.

டெஸ்க்டாப்பில் கவனிக்க வேண்டியது, போர்டில் பிராசஸர் உட்காரும் சாக்கெட். ஏஎம்டியின் ஏஎம்4 சாக்கெட்டில் 2017-இல் ரைசன் முதல் வரிசை வந்தது. அப்போது வாங்கிய பி350 போர்டுகள் பலவற்றில், பயாஸை அப்டேட் செய்துவிட்டு 2020-இன் கடைசியிலிருந்து வந்த ரைசன் 5000 சிப்களையே போட முடிந்தது. அதே 2017-இல் இன்டெல்லின் எட்டாம் தலைமுறை முந்தைய அதே 1151 பின் சாக்கெட்டில் வந்தும், பழைய போர்டுகளில் வேலை செய்யவில்லை. போர்டையும் சேர்த்து மாற்ற வேண்டியிருந்தது. புதிதாக அசெம்பிள் செய்கிறவர்கள் இந்தக் கதையை நினைவில் வைத்து, ஏஎம்டியின் ஏஎம்5 போன்று இன்னும் சில வருடம் புதுச் சிப் வரப்போகிற சாக்கெட்டாகப் பார்த்து எடுப்பது நல்லது. பிராண்டட் குட்டி டெஸ்க்டாப்கள் மலிவாகக் கிடைக்கும், ரேமும் எஸ்எஸ்டியும் நன்றாகவே மாற்றலாம். ஆனால் அவற்றின் பவர் சப்ளையும் போர்டும் அந்தக் கம்பெனிக்கே உரிய அளவில் இருக்கும், பொதுக் கடையில் கிடைக்காது. இதைத் தெரிந்துகொண்டு வாங்கினால் சரி.

ரேம் விலை பற்றி ஒரு வார்த்தை. 2025-இன் கடைசி மாதங்களில், ஏஐ டேட்டா சென்டர்களுக்கே சிப்கள் போனதால் ரேம் விலை எகிறிவிட்டது. டிசம்பரில் மைக்ரான் நிறுவனம், நம் கடைகளில் சகஜமாகக் கிடைத்த க்ரூசியல் ரேம், எஸ்எஸ்டி வியாபாரத்தையே நிறுத்தப்போவதாக அறிவித்தது. இந்தச் சமயத்தில் காலி ஸ்லாட் இன்னும் அருமை. இப்போது கையில் இருக்கும் பணத்துக்கு 8 போட்டுக்கொண்டு, விலை இறங்கும்போது இன்னொரு 8 சேர்க்கலாம். ஒட்டிய ரேம்காரருக்கு அந்தக் காத்திருப்பே கிடையாது.

அரசு என்ன செய்கிறது? பிரான்ஸில் 2021 ஜனவரியிலிருந்து லேப்டாப்களில் 'சரிசெய்யும் மதிப்பெண்' 10-க்கு இத்தனை என்று விலைச்சீட்டோடு காட்டியாக வேண்டும் என்று சட்டம் போட்டார்கள். கையேடு கிடைக்கிறதா, எளிதில் கழலுமா, பாகம் எத்தனை வருடம் கிடைக்கும், என்ன விலை என்றெல்லாம் பார்த்து அந்த மதிப்பெண். இந்தியாவில் நுகர்வோர் விவகாரத் துறை 2022 டிசம்பர் 24-இல் 'ரைட் டு ரிப்பேர்' வலைத்தளத்தைத் தொடங்கியது. மதிப்பெண் முறைக்காக அமைத்த குழு 2025 மே மாதம் அறிக்கை கொடுத்தது. ஆனால் அதில் முதல் கட்டம் ஸ்மார்ட்போனும் டேப்லெட்டும்தான். லேப்டாப் பெட்டியில் அப்படி ஓர் எண் அச்சாகி வந்தால் அதை வரவேற்கும் முதல் ஆள் நானாக இருப்பேன். கல்லூரி சேரும் பிள்ளைக்குக் கடன் வாங்கி லேப்டாப் எடுக்கிற ஓர் அப்பாவுக்கு, நான்கு வருடம் அது தாங்குமா என்று தெரிந்துகொள்ள வேறு என்ன வழி இருக்கிறது?

போன மாதம் பாலக்கோட்டிலிருந்து அக்கா மகளை அழைத்துக்கொண்டு கிருஷ்ணகிரியில் ஒரு கடைக்குப் போனேன். அவளுக்கு கல்லூரிக்கு லேப்டாப். கடைக்காரர் மெல்லிய லேப்டாப் ஒன்றை எடுத்து, ஒரு விரலில் தூக்கிக் காட்டினார். "மாமா, இதே எடுத்துக்கலாமா?" என்றாள். டாஸ்க் மேனேஜரைத் திறக்கச் சொன்னேன். அவளே படித்தாள்: ரோ ஆஃப் சிப்ஸ், 8ஜிபி. கடைக்காரர் கொஞ்சம் யோசித்துவிட்டு, "ஸ்லாட் வேணும்னா இது இருக்கு சார், கொஞ்சம் குண்டா இருக்கும்" என்று கீழ்த்தட்டிலிருந்து இன்னொன்றை எடுத்தார். 8ஜிபி போர்டில், ஒரு ஸ்லாட் காலி, எம்.2 ஒன்று. அடியில் பத்துத் திருகாணி, எல்லாம் கண்ணெதிரே. இரண்டு சி வாய். விலையும் குறைவு. அதைத்தான் எடுத்தோம். வீட்டுக்கு வரும் வழியில் பஸ்ஸிலேயே அவள் போனில் அந்த மாடலின் கையேட்டைத் தேடி எடுத்துவிட்டாள். வாடிக்கையாளரே மாற்றிக்கொள்ளலாம் என்ற பட்டியலில் ரேமும் எஸ்எஸ்டியும் இருந்தன. வாரன்டிக்கும் பங்கமில்லை. அடுத்த செமஸ்டரில் ரேம் வாங்கிக் கொடுப்பதாகச் சொல்லியிருக்கிறேன், மாட்டுவது அவள் வேலை.